ஒன்றேகாலணாவுக்கு நடுவுல ஒரு ஸ்பேஸ்: புதுமைப்பித்தன் கதைகள் எந்தப் பதிப்பு வாங்கலாம்

மொதல்ல ஏமாந்த கதையைச் சொல்லிடறேன், ஏன்னா அது தெரிஞ்சாதான் ரெண்டாவது புக்குக்கு ஏன் அவ்ளோ காசு குடுத்தேன்னு புரியும். ரெண்டு வருசம் முன்னாடி புத்தகக் கண்காட்சி வாசல்ல ஒரு கடையில புதுமைப்பித்தன் கதைகள் முழுத் தொகுப்புன்னு கெட்டி அட்டை போட்டு குமிச்சு வச்சிருந்தாங்க, விலையைப் பார்த்ததும் இது என்னடா இவ்ளோ கம்மியா இருக்கேன்னு கேள்வியே கேக்காம வாங்கிட்டு வந்துட்டேன். பதிப்பகம் பேரு வேணாம், அவங்க மட்டும்தான் அப்படின்னு இல்ல, அதே ரகத்துல இன்னும் நாலஞ்சு பேர் போடறாங்க. வீட்டுக்கு வந்து எடுத்ததும் "கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்" கதைக்குத்தான் போனேன், காலேஜ்ல படிச்சது, மறுபடி சிரிக்கலாம்னு.

அந்தக் கதை ஆரம்பிக்கிறதே பிராட்வேயும் எஸ்பிளனேடும் கூடுற சந்தியில. மேலகரம் மே.க.ரா. கந்தசாமிப் பிள்ளை ஆபத்தில்லாத ஓரமா நின்னுக்கிட்டு ரொம்ப தீவிரமா யோசிச்சுக்கிட்டு இருப்பார். என்ன யோசனைன்னா, டிராம்ல போனா ஒன்றேகாலணா, காலணா மிஞ்சும், அதுல வெத்தலை பாக்கு போட்டுக்கிட்டு வீட்டுக்கு நடந்துடலாம், பஸ்ல ஏறி கண்டக்டரை ஏமாத்திக்கிட்டே சென்ட்ரலைத் தாண்டினதுக்கு அப்புறம் டிக்கெட் வாங்கினா அரை கப் காபி குடிக்கலாம் ஆனா வெத்தலை கிடையாது. நான் வாங்கின புக்குல "ஒன்றேகாலணா"வை "ஒன்றே காலணா"ன்னு நடுவுல ஒரு ஸ்பேஸ் விட்டு அடிச்சிருந்தாங்க. அதாவது ஒரே ஒரு காலணான்னு அர்த்தம் ஆயிடுது! அப்புறம் எங்க காலணா மிஞ்சும்? கணக்கே இடிக்குது, கணக்கு இடிச்சா ஜோக் காலி. இந்தக் காலத்துப் பசங்களுக்கு அணான்னாலே என்னன்னு தெரியாது (பதினாறு அணா ஒரு ரூபா, ஒரு அணாவுக்கு நாலு காலணா), அவங்க இதைப் படிச்சா கிழவர் ஏதோ உளர்றார்னு தாண்டிப் போயிடுவாங்க. கடவுளே நேர்ல வந்து நிக்கப் போற கதைக்கு, கையில இருக்கிற ஒன்னரை அணாவை எப்படிப் பிரிக்கிறதுங்கிற கவலையைத்தான் வாசப்படியா போட்டு வச்சிருக்கார் மனுசன், அந்தப் படியையே பேத்து எடுத்துட்டாங்க.

அதோட போச்சான்னா இல்ல. "சாப விமோசனம்" கதைக்கு மேல அவரே ஒரு குறிப்பு எழுதியிருப்பார், ராமாயணப் பரிச்சயம் உள்ளவங்களுக்கு இந்தக் கதை பிடிபடாம, பிடிக்காமக்கூட இருக்கலாம், அதை நான் பொருட்படுத்தலன்னு. அந்த ரெண்டு வரியில இருக்கிற திமிருதான் கதையோட சுருதி. என் புக்குல அந்தக் குறிப்பே இல்ல. இடம் பத்தலையா, தேவையில்லன்னு நினைச்சாங்களான்னு தெரியல. கதைகளோட வரிசையும் ஒரு ஒழுங்கு கிடையாது, 1934 கதைக்கு அப்புறம் 1943 கதை, மறுபடி 1935, எதுக்குமே வருசம் போடல. ஏதோ சீட்டுக்கட்டை கலைச்சு அடுக்கின மாதிரி.

இப்படி ஆளாளுக்கு அடிக்கிறதுக்குக் காரணம், தமிழ்நாடு அரசு 2002ல அவர் எழுத்தை நாட்டுடைமை ஆக்கிடுச்சு. அது நல்ல விசயம்தான், யார் வேணா போடலாம், விலை குறையும், இணையத்துல மதுரைத் திட்டம்னு ஒரு மின்னூல் தளம் இருக்கு, அதுல ஓசியிலயே படிக்கலாம், நான் ட்ரெயின்ல போன்ல அதுலதான் பாதி படிச்சேன். ஆனா யார் வேணா போடலாம்னா ப்ரூஃப் பாக்காதவனும் போடலாம்னு ஆயிடுது, அதுதான் பிரச்சனை.

சரி, இப்ப நல்ல புக்குக்கு வரேன். காலச்சுவடு போட்ட "புதுமைப்பித்தன் கதைகள்" முழுத் தொகுப்பு, பதிப்பாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி, மொதல் பதிப்பு 2000ல வந்தது. நான் வாங்கினது அதுக்கப்புறம் வந்த ஒரு அச்சு. நூறுக்குப் பக்கத்துல கதைகள், தலகாணி சைஸ். இதுல என்ன விசேசம்னா கதைகள் வெளிவந்த கால வரிசைப்படி இருக்கு, எந்தப் பத்திரிகையில எப்ப வந்துச்சு, அப்புறம் புத்தகமாகும்போது எந்த வார்த்தை மாறிச்சுன்னு எல்லாம் பின்னாடி குறிச்சிருக்காங்க. பாட வேறுபாடுன்னு சொல்வாங்களே, சங்க இலக்கியத்துக்கு உ.வே.சா. பண்ணின மாதிரி. எனக்கு மொதல்ல இது ஆராய்ச்சி பண்றவங்களுக்குத்தானேன்னு தோணுச்சு, ஆனா படிக்கப் படிக்க அந்த வருசங்கள்தான் என்னை இழுத்துக்கிட்டுப் போச்சு. ஒரு மனுசனோட வாழ்க்கை வரலாறை அவர் கதைத் தேதிகளை வச்சே படிச்சுடலாம் போல.

பாருங்க, புதுமைப்பித்தனோட நிஜப் பேரு சொ. விருத்தாசலம், 1906ல திருப்பாதிரிப்புலியூர்ல பொறந்தவர், அப்பா சொக்கலிங்கம் பிள்ளை தாசில்தார், அம்மா பர்வதத்தம்மாள் இவருக்கு எட்டு வயசுலயே போயிட்டாங்க. அப்பா ரிட்டயர் ஆனதும் சொந்த ஊர் திருநெல்வேலிக்கு வந்து, பாளையங்கோட்டை, இந்துக் கல்லூரின்னு படிச்சு பி.ஏ. முடிச்சார். தாசில்தார் மகன் தாசில்தார் ஆகணும்னு வீட்டுல எதிர்பார்ப்பு, இவர் என்னடான்னா கல்யாணம் பண்ணிட்டு எழுதிப் பிழைக்கப் போறேன்னு மெட்ராசுக்கு வண்டி ஏறிட்டார். 1933ல "காந்தி" பத்திரிகையில "குலோப்ஜான் காதல்". பேரைப் பார்த்தாலே தெரியுது அது விளையாட்டுன்னு. அதுக்கு அடுத்த வருசத்துல மணிக்கொடி பத்திரிகை. புக்கை எடுத்துப் பாத்தா 1934, 35 மட்டும் புரட்டப் புரட்ட வந்துக்கிட்டே இருக்கு, கதை மேல கதை, சிலது ரெண்டு பக்கம், சிலது அவசரத்துல எழுதினதுன்னு நல்லாவே தெரியுது, சிலது மொப்பஸான் கதையைத் தழுவினதுன்னு பின்னாடி பெரிய சண்டையே நடந்திருக்கு. எல்லாமே தங்கம்னு சொல்றவங்களோட எனக்கு ஒத்துப் போகாது. மொதல் நூறு பக்கத்துல ஒரு பத்து கதையை நான் பாதியில விட்டுட்டேன், கொஞ்சம் கூடக் குத்த உணர்ச்சி இல்ல.

ஆனா அதே குவியலுக்குள்ளதான் "பொன்னகரம்" கிடக்குது. மூணே பக்கம் இருக்கும். ஜட்கா வண்டிக்காரன் முருகேசன் அடிபட்டுக் கிடக்கான், பொண்டாட்டி அம்மாளு இருட்டு சந்துக்குள்ள ஒருத்தனோட போயிட்டு முக்கால் ரூபா சம்பாதிச்சுட்டு வரா, எதுக்குன்னா புருசனுக்குப் பால் கஞ்சி வார்க்க. "என்னமோ கற்பு கற்பு என்று கதைக்கிறீர்களே! இதுதான் ஐயா, பொன்னகரம்!"னு முடிச்சுட்டுப் போயிடறார். இருபத்தெட்டு வயசுல. நான் இருபத்தெட்டு வயசுல எக்செல் ஷீட்ல கலர் அடிச்சுக்கிட்டு இருந்தேன்.

இந்தக் கதையையும் "துன்பக்கேணி"யையும் 2014ல சென்னைப் பல்கலைக்கழகப் பாடத்துல இருந்து எடுத்துட்டாங்க, தலித் மக்களை இழிவா காட்டுதுன்னு எதிர்ப்பு வந்ததால. அப்ப பேப்பர்ல படிச்சப்ப எனக்குக் கோவம் வந்துச்சு, கதையைப் படிக்காம பேசறாங்கன்னு. இப்ப ரெண்டையும் வரிசையா உக்காந்து படிச்சா, சரி, நெல்லைப் பிள்ளைமார் வீட்டு ஜன்னல்ல இருந்து சேரியைப் பாக்கிற ஒரு கண் அங்கங்க தெரியத்தான் செய்யுது, அதே கண்ணுதான் தன் சாதிக்காரங்களை இன்னும் மோசமா உரிச்சும் வச்சிருக்குது. எதிர்த்தவங்க சொல்றதுல நியாயம் இருக்குன்னே வச்சுக்கிட்டாலும் வகுப்புல வச்சு விவாதிக்க வேண்டிய கதையை வகுப்புல இருந்தே தூக்கினது எனக்கு இன்னும் சரின்னு படல. துன்பக்கேணியில திருநெல்வேலிப் பக்கத்து மருதி இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்குப் போய்ப் படற பாடு, அந்தக் காலத்துல அதை வேற யாரு இவ்ளோ நீளமா எழுதினா சொல்லுங்க.

இப்ப எங்கப்பா. அவர் திருநெல்வேலி டவுன்ல ஒரு மளிகைக் கடையில கணக்கு எழுதினவர், முப்பது வருசத்துக்கு மேல. கண்ணு ஆபரேசன் முடிஞ்சு சும்மா உக்காந்திருந்தப்ப இந்தப் புக்கைக் குடுத்தேன், படிக்க மாட்டார்னு நினைச்சேன், தினத்தந்தியைத் தவிர அவர் வேற எதையும் தொட்டு நான் பாத்ததில்ல. "மனித யந்திரம்" கதையைக் காட்டினேன். மீனாட்சிசுந்தரம் பிள்ளைன்னு ஒரு கடைக் கணக்குப்பிள்ளை, வருசக் கணக்கா அடுத்தவன் பணத்தை எண்ணி எண்ணி வச்சவர், ஒரு ராத்திரி கல்லாவைத் தொடைச்சு எடுத்துக்கிட்டு தூத்துக்குடிக்கு ரயில் ஏறி அப்படியே கொழும்புக்குக் கப்பல்ல போயிடலாம்னு கிளம்புவார். ரயில் பெட்டியில உக்காந்தும் உக்காந்துடுவார். அப்புறம் இறங்கி வந்து பணத்தைத் திரும்ப வச்சுட்டு, செலவான சில்லறையைத் தன் பத்துல (பற்றுக் கணக்குல) எழுதிட்டு வீட்டுக்குப் போயிடுவார். அவ்ளோதான் கதை.

அப்பா சத்தம் போட்டுத்தான் படிப்பார், உதட்டுல. அந்த எடம் வந்ததும் நிறுத்திட்டார். "ஏல, இவன் கடையில வேல பாத்தவனால?"ன்னு கேட்டார். இல்லப்பா, தாசில்தார் மகன், பத்திரிகையில வேல பாத்தவர்னு சொன்னேன். "பொய் சொல்லாத. பத்து எழுதுததுன்னா என்னன்னு பத்து எழுதுனவனுக்குத்தான் தெரியும். திருடப் போனவன் திரும்பி வந்து சில்லறைக்குக் கணக்கு வைக்கான் பாரு, அந்தக் கை சும்மா இருக்காதுல"ன்னு சொல்லிட்டு தன் வலது கையைத் திருப்பித் திருப்பிப் பாத்துக்கிட்டார். அப்புறம் ரொம்ப நேரம் பேசல. நீங்களும் எப்பவாவது கல்லாவைப் பாத்து அப்படி நினைச்சதுண்டான்னு கேக்க வாய் வந்துச்சு, கேக்கல. அவருக்கும் நான் கேக்க வந்தது தெரிஞ்சிருக்கும்னு நினைக்கிறேன், எந்திரிச்சு காபி குடிக்கப் போயிட்டார்.

அச்சு விசயத்துல அப்பா ஒரு சர்டிபிகேட் குடுத்தார், எழுத்து கண்ணுக்கு உறுத்தலன்னு. கனம்தான் கஷ்டம். படுத்துக்கிட்டுப் படிக்க முடியாது, நெஞ்சுல வச்சா மூச்சு முட்டும், தாம்பரம் வண்டியில நின்னுக்கிட்டுப் படிக்கிறதெல்லாம் நடக்கவே நடக்காது. இது வீட்டுல மேசை மேல வச்சு சிலப்பதிகாரம் படிக்கிற மாதிரி படிக்க வேண்டிய புக்கு. போற வழியில படிக்கணும்னா தேர்ந்தெடுத்த கதைகள்னு சின்னதா வர்றதை வாங்கிக்கோங்க, ஆனா அதுலயும் அணாக் கணக்கைப் புரட்டிப் பாத்துட்டு வாங்குங்க, சொல்லிட்டேன்.

வரிசைப்படி படிச்சதுல எனக்கு நிஜமா தூக்கிவாரிப் போட்டது 1943. காஞ்சனை, செல்லம்மாள், சாப விமோசனம், கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும், நாலும் அதே வருசம், நாலும் கலைமகள்ல. அப்ப அவர் பகல்ல தினமணி ஆபீஸ்ல உக்காந்து இங்கிலீஷ் நியூஸைத் தமிழாக்கிக்கிட்டு இருந்தார், அதாவது உலக யுத்தச் செய்தி, யாரு எங்க குண்டு போட்டான், அதை முடிச்சுட்டு வந்துதான் இதை எழுதியிருக்கார். ஒரே ஆள் ஒரே வருசத்துல ஒரு பேய்க்கதை, ஒரு சாவு வீட்டுக் கதை, ஒரு புராணம், ஒரு காமெடி. நாலுக்கும் நாலு குரல். காஞ்சனையை ராத்திரி படிக்காதீங்க, அப்படின்னு நான் சொன்னா நீங்க ராத்திரிதான் படிப்பீங்க, படிங்க.

செல்லம்மாள் பத்தி மட்டும் கொஞ்சம் சொல்லணும். பிரமநாயகம் பிள்ளை மெட்ராஸ்ல ஒரு துணிக்கடையில வேலை பாக்கிறவர், சீக்காளிப் பொண்டாட்டி செல்லம்மாள். கதை ஆரம்பத்துலயே அவ செத்துடுவா, அப்புறம் பின்னாடி போய் அந்தக் கடைசி நாள்களைச் சொல்றார். ஒரு வரி கூட அழுகை கிடையாது. வேலை முடிஞ்சு நடந்து வீட்டுக்கு வந்து அடுப்பு மூட்டறது, கஷாயம் போடறது, அவளுக்கு ஊருக்குப் போகணும்னு ஆசை, கையில காசில்ல, இவ்ளோதான். இதை எழுதினவர் தன் மனைவி கமலாவுக்கு எழுதின கடிதங்கள் "கண்மணி கமலாவுக்கு"ன்னு தனிப் புத்தகமா வந்திருக்கு, இவர் மெட்ராஸ்ல, அவங்க பாதி நாள் திருவனந்தபுரத்துல, பணம் அனுப்பறேன், அனுப்ப முடியல, அடுத்த வாரம் அனுப்பறேன். முடிஞ்சா ரெண்டையும் அடுத்தடுத்துப் படிங்க. என் மனைவி செல்லம்மாள் படிச்சுட்டு, இந்த ஆளு ஒரு வார்த்தை கூட அவளை நல்லவன்னு சொல்லல ஆனா எவ்ளோ பிரியம் இருந்திருக்கும்னு சொன்னா, எனக்கு அதுக்கு மேல சொல்ல எதுவும் இல்ல.

அப்புறம் சாப விமோசனம். கல்லா கிடந்து ராமன் கால் தூசி பட்டு எழுந்த அகலிகை, பின்னாடி சீதையோட பேசிக்கிட்டு இருக்கும்போது அக்கினிப் பிரவேசம் பத்திக் கேள்விப்படுவா. அவர் கேட்டாரான்னு ஒரு கேள்வி. தன்னை மன்னிச்சவன் அவளைச் சோதிச்சானா? மறுபடி கல்லாயிடுவா. பட்டிமன்றத்துல ரெண்டு மணி நேரம் கத்தறதை ஒரு கேள்வியில முடிச்சுட்டார். இந்தக் கதைக்குத்தான் மேல குறிப்பே இல்லாம அடிச்சிருந்தாங்கன்னு சொன்னேன், இன்னமும் எரியுது எனக்கு.

1944க்கு அப்புறம் புக்குல கதைகள் சட்டுன்னு மெலிஞ்சு போகுது, அதுவே ஒரு கதை. தினமணியை விட்டு தினசரிங்கிற பத்திரிகை, அதை விட்டு சினிமா. சினிமாவுல காசு வரும்னு போனார், காமவல்லிக்கு வசனம் எழுதினார், அம்மா பேருல பர்வதகுமாரி புரொடக்‌ஷன்ஸ்னு சொந்தமா கம்பெனி ஆரம்பிச்சு வசந்தவல்லின்னு படம் எடுக்கப் போறேன்னு கிளம்பி இருந்த காசும் போச்சு. பாகவதரோட ராஜமுக்திக்கு எழுத புனா போன எடத்துல காசநோய் முத்திடுச்சு, திருவனந்தபுரத்துல மனைவி வீட்டுல வந்து விழுந்தார், 1948ல போயிட்டார். நாப்பத்திரெண்டு வயசு. ரகுநாதன் எழுதின "புதுமைப்பித்தன் வரலாறு" (1951) இந்தக் கடைசி நாள்களை நல்லா சொல்லியிருக்கும், நண்பர் எழுதினது, அதனால கொஞ்சம் சூடும் இருக்கும். சினிமா அவருக்கு ஒண்ணும் குடுக்கல, ஆனா அவர் குறுநாவல் "சிற்றன்னை"யை வச்சுத்தான் 1979ல மகேந்திரன் உதிரிப்பூக்கள் எடுத்தார், படம் பாத்தவங்களுக்கு அதோட மதிப்பு தெரியும். போய் முப்பது வருசம் கழிச்சு!

அவருக்கு இது முன்னாடியே தெரிஞ்சிருக்கும் போல. வேளூர் வே. கந்தசாமிப் பிள்ளைங்கிற பேருல கவிதை எழுதுவார், அதுல ஒண்ணுல "ஐயா நான் செத்ததற்குப் பின்னால் நிதிகள் திரட்டாதீர்"னு எழுதி வச்சார், கல்லுல வடிச்சு வைக்காதீங்க, வானத்து அமரன் வந்தான்னு புலம்பாதீங்க, என்னை விட்டுடுங்கன்னு. நம்ம ஆளுங்க விடுவாங்களா, போனதும் நிதி திரட்டினாங்க. குடும்பம் இருந்த நிலைமைக்கு அது தேவைப்பட்டுச்சு, தப்புன்னு சொல்ல மாட்டேன். ஆனா அந்தக் கடவுள் கதையில சந்தா கேட்டு அலையிற சித்த வைத்திய தீபிகை ஆசிரியர் கந்தசாமிப் பிள்ளையைப் படிச்சுட்டு இதைப் படிச்சா சிரிப்பும் வருது, தொண்டையும் அடைக்குது. அந்தக் கதையில காபியைக் குடிச்சுட்டு கடவுள் இது என் லீலைன்னு பெருமைப்படுவார், பிள்ளை சொல்வார், இது உம்ம லீலை இல்ல, ஓட்டல்காரன் லீலை, சிக்கரிப் பவுடரைக் கலந்து வச்சிருக்கான், உம்ம லீலையெல்லாம் பில் குடுக்கிற படலத்துலன்னு. எத்தனை தடவை படிச்சாலும் எனக்குச் சிரிப்பு வரும்.

அஞ்சுக்கு எத்தனைன்னு கேட்டா நாலரை. அந்த அரை எதுக்குக் குறைச்சேன்னா கனத்துக்கு, அப்புறம் எனக்குக் "கபாடபுரம்" மாதிரி சில கதைகள் எத்தனை தடவை முட்டினாலும் உள்ள போகல, அது புக்கோட குத்தமா என் குத்தமான்னு நீங்க படிச்சுட்டுச் சொல்லுங்க. காசு இருந்தா இதை வாங்குங்க, இல்லன்னா மதுரைத் திட்டத்துல ஓசியில படிங்க, ரெண்டுக்கும் நடுவுல இருக்கிற அந்த மலிவு ரகத்தை மட்டும் தொடாதீங்க.

என்கிட்ட இருந்த அந்த மலிவு புக்கை பேப்பர்காரர்கிட்ட போட மனசு வரல. ஒன்றேகாலணாவுக்கு நடுவுல இருந்த ஸ்பேஸை பேனாவால வளைச்சு சேத்துட்டு, சாப விமோசனத்துக்கு மேல அந்தக் குறிப்பையும் என் கையெழுத்துல எழுதி ஆபீஸ் ஷெல்ஃபுல வச்சேன். போன மாசம் யாரோ எடுத்துட்டுப் போயிருக்காங்க, இன்னும் திரும்ப வரல. நல்ல புக்கு திருநெல்வேலியில அப்பாகிட்ட இருக்கு, அதுவும் திரும்ப வரல.